ரிலீவர் வரும்வரை

1

ஒரு லட்சம் ரூபாய். இந்தத் தொகையை நான் அரசாங்கத்துக்குத் தரவேண்டும் என்று ஒரு காகிதத்தில் இருக்கிறது. யாரிடமும் வாங்கின கடன் இல்லை. என் அக்கா மகன் ஆண்ட்ரூ கோர்ட்டு சொன்ன தேதிக்கு வெளிநாட்டிலிருந்து வராவிட்டால், அன்றைக்கு அது கடனாகிவிடும். வந்துவிட்டால் இல்லை. நான் அவனுக்கு ஜாமீன்தாரன்.

பேர் சவரிநாதன். திருவொற்றியூர். கண்டெய்னர் யார்டில் லோடுமேனாக இருந்து, முதுகு போய், வேலையை விட்டவன். யார்டில் கடைசியாகக் கொடுத்த பணம் அந்த ஒரு லட்சம். ஷீட்டுக் கூரையைப் பிரித்துவிட்டு மேலே தளம் போடலாம் என்று பேங்கில் போட்டு வைத்திருந்தேன். அந்த ரசீதுதான் இப்போது கோர்ட்டில் இருக்கிறது.

இந்தக் கதை எப்படி வந்தது என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். வக்கீல் ரிஃபானா கோர்ட்டு வராந்தாவில் என் கையில் நாலு வெள்ளைத் தாளைக் கொடுத்து, "நடந்ததை வரிசையா எழுதுங்க அங்கிள், அதை வெச்சு நான் பிரமாணப் பத்திரம் போட்டுக்கறேன்" என்றார். எழுதினேன். நாலு தாளும் ரொம்பிவிட்டது. அவர் முதல் தாளை மட்டும் எடுத்துக்கொண்டு மற்ற மூன்றையும் திருப்பிக் கொடுத்தார். "இது கோர்ட்டுக்கு வேணாம். இதெல்லாம் உங்க பயம்."

கோர்ட்டுக்கு வேண்டாம் என்று தள்ளின அந்த மூன்று தாளைத்தான் பெரிசாக்கி உங்களுக்கு எழுதுகிறேன். முதல் தாளில் இருந்தது உண்மை என்றால் இது என்ன என்று கேட்காதீர்கள். எனக்கே சரியாகத் தெரியவில்லை.

2

தொடக்கம் சரியாக வரவில்லை. எழுதிப் பார்த்து விட்டதையெல்லாம் அழிக்காமல் வைக்கிறேன்.

'அன்று கடல் அமைதியாக இருந்தது —' [விட்டுவிட்டேன். கடல் எப்படி இருந்தது என்று எனக்குத் தெரியாது. எனக்கும் கடலுக்கும் நடுவில் வரிசையாக டிரைலர் லாரிகள்.]

'எண்ணூர் போகிற ரோட்டில் ஒரு டிரைலர் மோதி மீன்காரப் பெண் ஒருத்தி செத்துப்போனாள். ஜனங்கள் ரோட்டில் உட்கார்ந்தார்கள். போலீஸ் வந்தது. லீவில் வந்திருந்த ஆண்ட்ரூ ஒரு கல்லை எடுத்து —' [நிறுத்து.]

'ஆண்ட்ரூ கல்லை எடுக்கவில்லை. அவன் சும்மாதான் —' [இதையும் நிறுத்து.]

'ஒரு கல் வந்து ஜீப் கண்ணாடியில் விழுந்தது.'

இந்த வாக்கியத்தை வைத்துக்கொள்கிறேன். இதை எந்தக் கோர்ட்டிலும் என்னால் சொல்ல முடியும். நானும் அந்த ரோட்டில்தான் இருந்தேன். கண்ணாடி உடைந்த சத்தம் கேட்டுத்தான் திரும்பினேன். திரும்பியபோது ஆண்ட்ரூவின் கை கீழே இருந்தது. எல்லாருடைய கையும் அப்போது கீழேதான் இருந்தது.

எஃப்.ஐ.ஆரில் 'ஆண்ட்ரூ மற்றும் பார்த்தால் அடையாளம் காட்டக்கூடிய முப்பது பேர்' என்று எழுதியிருந்தார்கள். பேரோடு இருந்தது இவன் ஒருத்தன்தான். ஏனென்றால் இவன்தான் போலீஸ்காரர் கேட்டவுடனே பேரைச் சொன்னான். கப்பலில் வேலை செய்கிறவன், யார் பேர் கேட்டாலும் சொல்லிப் பழக்கம்.

3

ஆண்ட்ரூவைப் பற்றி நான் எழுத வேண்டும். கதையில் வருகிறவனைப் படிக்கிறவர்களுக்குப் பிடிக்க வேண்டுமாம். ஆகவே முதலில் 'அவன் நல்ல பையன்' என்று எழுதினேன். அப்புறம் அதைப் பார்த்தேன். நல்ல பையன் என்று நான் எழுதினால், நீங்கள் நம்புவீர்களா? ஜாமீன்தாரன் வேறு என்ன சொல்வான்?

தெரிந்ததை மட்டும் சொல்கிறேன். முப்பது வயசு. கப்பலில் ஃபிட்டர். பைப்பு, வால்வு, வெல்டிங் எல்லாம் அவன் பொறுப்பு. அப்பா இல்லை. அம்மா சிலுவையம்மாள், என் அக்கா, ராயபுரத்தில் இருக்கிறாள். தம்பி சாலமன் காசிமேட்டில் மீன்பிடி போட்டுக்கு ஐஸ் ஏற்றுகிறான். இரண்டு பேருக்கும் ஒரே மூஞ்சி, ஒரே உயரம். ஆண்ட்ரூ நன்றாகச் சிரிப்பான். கஷ்டம் வந்தால் இன்னும் நன்றாகச் சிரிப்பான். அதுதான் எனக்கு அவனிடம் பிடிக்காதது. அவன் உண்மை சொல்லும்போதும் அதே சிரிப்பு, மறைக்கும்போதும் அதே சிரிப்பு.

ஜாமீன் கிடைத்தபோது நிபந்தனை போட்டார்கள். பாஸ்போர்ட்டைக் கோர்ட்டில் ஒப்படைக்க வேண்டும். தினமும் காலையில் ஸ்டேஷனில் போய்க் கையெழுத்து. சென்னையை விட்டுப் போகக்கூடாது. ஆண்ட்ரூ தினமும் போய்க் கையெழுத்துப் போட்டான். கையெழுத்துப் போட்டுவிட்டு மீன்பிடித் துறைமுகம் போய் சாலமனோடு ஐஸ் உடைத்தான். கப்பல் கம்பெனியிலிருந்து மெயில் வந்தது: சிங்கப்பூரில் வந்து ஏறு, இல்லாவிட்டால் வேறு ஆளைப் போடுகிறோம்.

அக்கா என்னிடம் வந்தாள்.

"டேய் சவரி, இந்தத் தடவ போவலன்னா அவனை அடுத்த தடவயும் கூப்ட மாட்டானுங்களாம். ஐஸ் ஒடைக்கறதுக்காடா அவனை கோர்ஸுக்கு அனுப்பி படிக்க வெச்சேன்?"

"கோர்ட்டு விடணுமேக்கா."

"அதான் உன்னாண்ட வந்துகீறேன். ரத்த சொந்தம் ஒருத்தர் ஜாமீன் நிக்கணுமாம், பணமும் காட்டணுமாம். எங்கிட்ட இன்னா கீது? இந்த மூக்குத்தி கீது."

மூக்குத்தியைத் தொட்டுக்கொண்டே அவள் என் கூரையைப் பார்த்தாள். ஷீட்டில் மூன்று இடத்தில் வெளிச்சம் தெரிந்தது. அவள் பார்த்ததை நான் பார்த்தேன்.

4

பாஸ்போர்ட்டைத் திரும்பக் கேட்ட மனு விசாரணைக்கு வந்தது. அரசுத் தரப்பு வக்கீல் எழுந்து, போனால் இவர் திரும்பி வரமாட்டார், வழக்கு அப்படியே நின்றுவிடும் என்றார். ரிஃபானா எழுந்து, குற்றம் இன்னும் நிரூபணம் ஆகவில்லை, அதற்குள் பிழைப்பைப் பறிப்பது தண்டனைதானே என்றார். இரண்டு பேர் சொன்னதும் எனக்குச் சரியாகவே பட்டது. எனக்கு வந்த பயமே அதனால்தான்.

நீதிபதி கேட்டார்: "காண்ட்ராக்ட் எவ்வளவு நாள்?"

நான், ஆண்ட்ரூ, அக்கா, மூன்று பேரும் ரிஃபானாவிடம் முன்பே ஒரே குரலில் சொல்லியிருந்தோம்: ஆறு மாசம். ரிஃபானா அதையே சொன்னார்.

தப்பு அங்கேதான் நடந்தது. யாரும் பொய் சொல்லவில்லை. எங்கள் தெருவில் வீட்டுக்கு வீடு ஒருத்தன் கப்பலில் இருக்கிறான். ஆறு மாசம் என்றுதான் எல்லாரும் சொல்வோம். ஆனால் ஆறு மாசம் முடிந்ததும் கப்பலிலிருந்து இறங்க முடியாது. இவன் இடத்துக்கு இன்னொரு ஆள் வந்து ஏறினால்தான் இவன் இறங்கலாம். அந்த ஆளுக்குப் பேர் ரிலீவர். ரிலீவர் வராவிட்டால் ஏழு மாசமும் ஆகும், எட்டு மாசமும் ஆகும். எங்கள் பக்கத்துப் பெண்கள் இதைத் தெரிந்துதான் கல்யாணத் தேதி, ஞானஸ்நானத் தேதி எல்லாம் தள்ளித் தள்ளி வைப்பார்கள். எல்லாருக்கும் தெரிந்த விஷயம் என்பதால் அதை யாரும் வாயால் சொல்வதில்லை. நீதிபதியிடமும் சொல்லவில்லை.

உத்தரவு வந்தது. ஆறு மாதத்துக்குப் பாஸ்போர்ட் திரும்பத் தரப்படும். அது முடிந்து வரும் வாய்தாவில் எதிரி நேரில் ஆஜராகி, பாஸ்போர்ட்டை மறுபடி ஒப்படைக்க வேண்டும். ரத்த உறவுள்ள ஜாமீன்தாரர் ஒரு லட்சத்துக்கு உறுதி தர வேண்டும்.*

[* கோர்ட்டுத் தமிழில் குற்றம் சாட்டப்பட்டவரை எதிரி என்றுதான் எழுதுகிறார்கள். என் அக்கா மகனை எதிரி என்று எழுதியிருந்த தாளில் நான் கையெழுத்துப் போட்டேன். நாற்பத்துநாலு வயசில் எழுத்துக் கற்றுக்கொண்டவன் நான். அதற்கு முன்னால் என்றால் கட்டைவிரலை வைத்துவிட்டு நிம்மதியாக வீட்டுக்கு வந்திருப்பேன். படிக்கத் தெரிந்ததால் வந்த பயம் இது.]

5

அவன் போனான். ஐந்து மாசம் ஒன்றும் நடக்கவில்லை. கதைக்கு இது ஆகாது என்று தெரியும், ஆனால் நடக்காததை நான் எங்கே போய்த் தேடுவேன்? அக்காவுக்குப் பணம் வந்தது. பெந்தகோஸ்து ஞாயிற்றுக்கு எனக்கு ஒரு சட்டைத் துணி கொடுத்தாள்.

அப்புறம் வாட்ஸ்அப்பில் ஆண்ட்ரூவின் குரல் வந்தது.

"மாமா, நான் ஆண்ட்ரூ. ரிலீவர் இன்னும் போடல மாமா. அடுத்த போர்ட்ல போடறேன்றானுங்க. அடுத்த போர்ட்டு எதுடான்னா அவனுங்களுக்கே தெரில. நானா எறங்கிக்கறேன்னா இது இன்னா பஸ்ஸா, விசில் ஊதி நிறுத்த? வக்கீலம்மாவாண்ட பக்குவமா சொல்லு மாமா. அம்மாவாண்ட சொல்லாத, பேஜார் ஆய்டும்." அப்புறம் அந்தச் சிரிப்பு.

சிரிப்புக்குப் பின்னால் ஒரு சேவல் கூவியது.

மறுபடி போட்டுக் கேட்டேன். சேவல்தான். தெளிவாக, முழுசாக, ஒரு தடவை.

கப்பலில் சேவல் ஏது?

சாலமன் வந்ததும் அவனிடம் காட்டினேன். சேவலைப் பற்றி நான் ஒன்றும் சொல்லவில்லை. அவனே கேட்டுவிட்டு போனைக் காதிலிருந்து எடுத்தான்.

"மாமா, பின்னாடி சேவலு கூவுது."

"உனக்கும் கேட்டுச்சா?"

"கூவுதே. இன்னா மாமா இது, கப்பல்ல கோழிப் பண்ணையா வெச்சுகீறான்?" சிரிக்கப் பார்த்தான். சிரிப்பு வரவில்லை. "கேளு மாமா, அவனாண்டயே கேளு."

கேட்டேன். ரொம்ப நேரம் கழித்து எழுத்தில் பதில் வந்தது. 'குக்கோட ரிங்டோன் மாமா. பிலிப்பைன்ஸ்காரன். சேவல் சண்டைன்னா உயிரு அவனுக்கு.'

இருக்கலாம். இருக்கலாம்தானே? நான் கப்பலுக்குள் போனதில்லை. கப்பலிலிருந்து இறங்கின பெட்டிகளைத்தான் தூக்கியிருக்கிறேன். ஆனால் எதையாவது ஒரு தடவை சந்தேகப்பட்டுவிட்டால் அப்புறம் எல்லாமே அந்தப் பக்கம் சாய்கிறது. அவன் பேசியபோது எஞ்சின் சத்தம் ஏன் இல்லை? குரல் ஏன் இவ்வளவு சாவகாசமாக இருந்தது? கரையில், யாரோ ஒருத்தர் வீட்டுக் கொல்லையில், காலை நீட்டி உட்கார்ந்துகொண்டு பேசுகிறானோ? இறங்கிவிட்டானோ? இனி வரவே மாட்டானோ?

ரிஃபானாவிடம் சொல்லவில்லை. சொன்னால் அவர் முதலில் கேட்கப் போகிற கேள்வி எனக்குத் தெரியும்: "அவர் கப்பல்லதான் இருக்கார்னு உறுதியா சொல்ல முடியுமா?" அதற்கு என்னிடம் பதில் இல்லை. ஆகவே இன்றைக்கு ரிலீவர் வருவான், நாளைக்கு வருவான் என்று வாய்தா நாள்வரை தள்ளிவிட்டேன்.

[இந்த இடத்தில் என்மேல் உங்களுக்குக் கோபம் வரும். வரட்டும். பயந்தவன் செய்கிற காரியம் வெளியிலிருந்து பார்த்தால் எப்போதும் முட்டாள்தனமாகத்தான் இருக்கும்.]

6

வாய்தாவுக்கு முந்தின நாள் சாலமன் சவரம் செய்துகொண்டு, தலையைச் சீவிக்கொண்டு வந்து நின்றான். அண்ணனுடைய நீலச் சட்டை.

"இன்னாடா வேஷம் இது?"

"நான் போய் நிக்கறேன் மாமா. பேரைக் கூப்டா 'ஐயா'ன்னு சொல்லிட்டு வந்துடறேன். மாஸ்க் போட்டுக்கறேன், சளின்னு சொல்லலாம். ஜட்ஜு இன்னா அவன் மூஞ்ச மனப்பாடமா பண்ணி வெச்சுகீறாரு? ஒரு நாளைக்கு நூறு மூஞ்சி பாக்கறாரு."

"பத்லியா?"

"பத்லிதான். நீ பண்ணாததா?"

வெளியூரில் படிக்கிறவர்களுக்காக: பத்லி என்றால் ஒருத்தனுக்குப் பதிலாக அவன் பேரில் வேலைக்குப் போகிறவன். யார்டில், துறைமுகத்தில், எங்கள் காலத்தில் பாதிப் பேர் அப்படித்தான். டோக்கன் ஒருத்தன் பேரில் இருக்கும், அவனுக்கு உடம்பு சரியில்லாத நாளில் நான் போவேன். காலையில் மேஸ்திரி அவன் பேரைக் கூப்பிடுவார், நான் 'இருக்கேன்' என்பேன். தலை எண்ணிக்கை சரியாக இருந்தால் போதும், எந்தத் தலை என்று யாரும் கேட்கமாட்டார்கள். கூலியில் ஒரு பங்கு பேருக்கு, மீதி முதுகுக்கு. இதில் யாரும் தப்பு இருப்பதாக நினைத்ததில்லை. சாலமன் கோர்ட்டையும் அந்த மாதிரி தலை எண்ணுகிற ஒரு மஸ்டர் என்றுதான் நினைத்தான். உண்மையைச் சொன்னால் நானும் கொஞ்ச நேரம் அப்படித்தான் நினைத்தேன்.

ஆனால் எனக்கு மொஹ்சின் ஞாபகம் வந்தது. மொஹ்சின் என்னோடு பத்லியாக வேலை செய்தவன். ஒரு நாள் சங்கிலி அறுந்து பெட்டி விழுந்து அவன் என் பக்கத்திலேயே செத்துப்போனான். நோட்டில் செத்தவன் பேர் வேறு. அந்தப் பேருக்கு உரியவன் தண்டையார்பேட்டையில் டீ குடித்துக்கொண்டிருந்தான். மொஹ்சின் பெண்டாட்டி கையில் குழந்தையோடு வந்து கேட்டபோது, "உன் புருஷன் இங்க வேலையே செய்யலையேம்மா" என்றார்கள். நான் 'பார்த்தேன், என் பக்கத்தில்தான்' என்று சொன்னேன். "எழுதிக் குடு" என்றார்கள். எனக்கு எழுதத் தெரியாது. அப்புறம்தான் சங்க ஆபீசில் போய் 'அ' போட ஆரம்பித்தேன்.

இதை நான் சாலமனிடம் சொன்னேன். அவன் கேட்டுவிட்டு, "அது செத்தவன் கதை மாமா. நான் சாவப் போவல, நிக்கத்தான் போறேன்" என்றான்.

எனக்கும் வேறு வழி தெரியவில்லை. காலையில் இரண்டு பேரும் ஒரே பஸ்ஸில், தெரியாதவர்கள் மாதிரி தள்ளித் தள்ளி உட்கார்ந்து போனோம்.

[கதை எழுதுவதும் பத்லி வேலைதான் என்று இங்கே ஒரு வாக்கியம் போட்டிருந்தேன். ஆண்ட்ரூ பேரைக் கூப்பிட்டால் நான் குரல் கொடுக்கிறேன், சாலமன் பேரைக் கூப்பிட்டாலும் நான்தான். ஆனால் இதில் யாரும் ஜெயிலுக்குப் போவதில்லை. அதனால் வாக்கியத்தை எடுத்துவிட்டேன்.]

7

கோர்ட்டு வராந்தாவில் ரிஃபானா கேஸ் கட்டுகளைக் கையில் வைத்துக்கொண்டு வேகமாக வந்தார். நீலச் சட்டையைப் பார்த்துவிட்டுக் கையை நீட்டினார்.

"வந்துட்டீங்களா ஆண்ட்ரூ. நல்லது. பாஸ்போர்ட்டக் குடுங்க, மெமோவோட சேத்துப் போடணும்."

சாலமன் என்னைப் பார்த்தான். நான் சாலமனைப் பார்த்தேன்.

ராத்திரி முழுக்க யோசித்திருக்கிறோம். மாஸ்க், சட்டை, சளி, நடை, 'ஐயா' என்று சொல்கிற தினுசு எல்லாம் யோசித்திருக்கிறோம். பாஸ்போர்ட் இரண்டு பேர் மண்டையிலும் வரவில்லை. ஆளுக்குப் பத்லி உண்டு. பாஸ்போர்ட்டுக்கு எங்கே போவது? அது எங்கேயோ ஒரு கடலில், ஆண்ட்ரூவோடு இருந்தது. கடலில் இருந்தால்.

ரிஃபானா கையை மடக்கவில்லை. "மாஸ்க்க எடுங்க."

"சளி மேடம் —"

"எடுங்க."

எடுத்தான். அவர் ஒரு நிமிஷம் பார்த்தார். அப்புறம் குரலை இறக்கினார். கத்தியிருந்தால் எனக்கு இவ்வளவு பயம் வந்திருக்காது.

"நீங்க சாலமன். உள்ள போய் 'ஆஜர்'னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா என்ன ஆயிருக்கும் தெரியுமா? உங்க மேல ஒரு கேஸ். அங்கிள் மேல ஒரு கேஸ். உங்க அண்ணனுக்கு வாரண்ட், அப்புறம் ஜென்மத்துக்கும் பாஸ்போர்ட் கெடைக்காது. எனக்கு இந்தக் கறுப்புக் கோட்டு கெடையாது. பத்து நாள் முன்னாடி போன் பண்ணி, 'ரிலீவர் வரலம்மா'ன்னு ரெண்டு வார்த்தை சொல்லியிருக்கலாம். மனு போட்டிருப்பேன். இதுக்குன்னு சட்டத்துல எடம் இருக்கு அங்கிள்! நேர்ல வர முடியலன்னா காரணம் சொல்லி விலக்கு கேக்கலாம், நாள் நீட்டிக்கச் சொல்லிக் கேக்கலாம். ஏன் சொல்லல?"

"பயம் வக்கீலம்மா."

"எதுக்குப் பயம்?"

போனை எடுத்துப் போட்டேன். ஆண்ட்ரூ பேசினான், சிரித்தான். சேவல் கூவியது. ரிஃபானா முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. இன்னொரு தடவை போடச் சொன்னார். அப்புறம் கப்பலுக்கு ஆள் அனுப்புகிற ஏஜெண்ட் ஆபீசுக்கு போன் பண்ணினார். பாரிமுனைப் பக்கம் ஆபீஸ். மேனேஜர் இல்லை, கம்பெனிக்கு மெயில் போட்டிருக்கிறோம், பதில் வரவில்லை என்றார்கள்.

"சாலமன், நீங்க அந்த டீக்கடைல போய் உக்காருங்க. உள்ள வரவே வேணாம். அங்கிள், நீங்க எழுதுங்க."

நாலு தாள் கொடுத்தது அப்போதுதான். பெஞ்சில் உட்கார்ந்து, தொடைமேல் வைத்து எழுதினேன். பக்கத்தில் விலங்கோடு உட்கார்ந்திருந்த ஒரு ஆள் எட்டிப் பார்த்து, "இன்னா நைனா, பரிச்சையா?" என்றான். அவனோடு இருந்த போலீஸ்காரரும் சிரித்தார். நான் எழுதிக்கொண்டே இருந்தேன்.

ரிஃபானா படித்துவிட்டு முதல் தாளை எடுத்துக்கொண்டார். "சேவல் எதுக்கு அங்கிள் எழுதினீங்க?"

"அதான் வக்கீலம்மா விஷயமே."

"இதெல்லாம் உங்க பயம்" என்று மூன்று தாளையும் என் பையில் மடித்து வைத்தார். "ஜட்ஜ் உங்களக் கேப்பார். தெரிஞ்சத சொல்லுங்க. தெரியாதத தெரியும்னு சொல்லாதீங்க. அது போதும்."

8

இப்போது அந்தக் கூப்பாடு.

கோர்ட்டில் பேரைக் கூப்பிடுகிறவர் வாசலில் நின்று மூன்று தடவை கூப்பிடுவார். முதல் தடவை சாதாரணமாக. இரண்டாவது தடவை சத்தமாக. மூன்றாவது தடவை வேறு ஏதோ யோசனையோடு, அடுத்த கட்டைப் பார்த்துக்கொண்டே.

"ஆண்ட்ரூ!"

என் வாய் தானாகத் திறந்தது. எத்தனையோ வருஷம் அடுத்தவன் பேருக்கு 'இருக்கேன்' என்று சொன்ன வாய் அது. நாக்கைக் கடித்துக்கொண்டேன். ரத்தம் வந்தது.

"ஆண்ட்ரூ!"

கதவுப் பக்கம் பார்த்தேன். கடைசி நிமிஷத்தில் நிஜ ஆண்ட்ரூ பையோடு ஓடி வருவதாக எழுதலாமா என்று இந்த இடத்தில் யோசித்தேன். கை அரித்தது. எழுதவில்லை.

"ஆண்ட்ரூ!"

ரிஃபானா எழுந்து மனுவைக் கொடுத்தார். நீதிபதி படித்தார். அரசு வக்கீல், "இதைத்தான் அன்னைக்கே சொன்னோம்" என்றார். அவருக்கு அதில் சந்தோஷம் இருந்ததாகத் தெரியவில்லை.

"ஜாமீன்தாரர் யார்?"

எழுந்தேன். "நான்தாங்க ஐயா. சவரிநாதன்."

"எங்கே அவர்?"

'கப்பலில் இருக்கிறான்' என்று சொல்ல வாயெடுத்தேன். நிறுத்தினேன். "கப்பல்ல இருக்கறதா சொல்றாங்க ஐயா."

அவர் நிமிர்ந்து என்னைப் பார்த்தார். "சொல்றாங்கன்னா? உங்களுக்குச் சந்தேகமா?"



"இருக்குதுங்க ஐயா."

ரிஃபானா கண்ணை மூடிக்கொண்டதைப் பார்த்தேன். அக்கா அங்கே இல்லை. இருந்திருந்தால் அப்படிச் சொல்லியிருப்பேனா, தெரியாது.

"சந்தேகம்னா எதை வெச்சு ஒரு லட்சத்துக்கு நின்னீங்க? அவர் திரும்பி வருவார்னு நம்பறீங்களா, இல்லையா?"

இந்தக் கேள்விக்கு வீட்டில் உட்கார்ந்து மூன்று பதில் எழுதிப் பார்த்தேன். ஒன்று: 'வருவான் ஐயா, என் உயிர்மேல ஆணை.' இரண்டு: 'ரிலீவர் வந்தா வருவான் ஐயா.' மூன்றாவது அன்றைக்கு நான் நிஜமாகச் சொன்னது. மூன்றிலும் அதுதான் மட்டமாக இருக்கிறது. ஆனாலும் அதையே வைக்கிறேன்.

"தெரியலைங்க ஐயா. அவன் வர்ற வரைக்கும் நான் வர்றேன்."

"நீங்க வந்தா அவர் வந்ததா ஆகாது."

"ஆகாதுங்க."

அவர் பேனாவை எடுத்தார். கொஞ்சம் எழுதினார், நிறுத்தினார். பணத்தை ஏன் பறிமுதல் செய்யக்கூடாது என்று எனக்கு ஒரு நோட்டீஸ். கப்பல் கம்பெனியின் கடிதத்தோடு திங்கட்கிழமை வர வேண்டும். உத்தரவு அன்றைக்கு.

9

இன்றைக்குச் சனிக்கிழமை. ஆகவே முடிவு என்னிடம் இல்லை. இருக்கிறதை வைத்து மூன்று செய்து பார்த்தேன்.

(அ) கம்பெனிக் கடிதம் வருகிறது. கப்பல் நடுக்கடலில், ஆண்ட்ரூ அதில். நீதிபதி நாளை நீட்டிக்கிறார். சேவல் நிஜமாகவே ரிங்டோன். [இதை எழுதும்போது சந்தோஷமாக இருந்தது. அதனாலேயே நம்பிக்கை இல்லை.]

(ஆ) கடிதம் வருகிறது: 'மேற்படி நபர் ஒரு மாதம் முன்பே இறங்கிவிட்டார்.' வாரண்ட். ஏர்போர்ட்டில் பேர் எழுதி வைக்கிறார்கள். அக்கா என் வாசலில் வந்து நின்று, "நீ ஏன்டா சந்தேகம்னு சொன்ன?" என்று கேட்கிறாள். [இதை முழுசாக எழுதிவிட்டேன். கிழிக்கவில்லை. மடித்து வைத்திருக்கிறேன்.]

(இ) கடிதமே வரவில்லை. திங்கட்கிழமைக்கு அப்புறம் இன்னொரு திங்கட்கிழமை. நான் போய் நிற்கிறேன். மூன்று தடவை கூப்பிடுகிறார்கள்.

இதில் ஒன்றை எடுத்துக் கடைசியில் வைக்க என்னால் ஆகவில்லை. (ஆ)வை வைத்தால் அது நடந்துவிடும் என்று பயம். (அ)வை வைத்தால் நடக்காமல் போய்விடும் என்று பயம். நீங்கள் எதை வைத்தாலும் ஆண்ட்ரூவுக்கு ஒன்றும் ஆகாது, அவன் உங்களுக்கு யாரோ. அதனால் நீங்களே வையுங்கள். சேவலை மட்டும் நான் எழுதினபடி விட்டுவிடுங்கள். முழுசாக, ஒரு தடவை.

என்னால் முடிந்த ஒரு காரியத்தை இன்று காலை செய்தேன். தளம் போடுவதற்குப் பேசி வைத்திருந்த கொத்தனாருக்கு போன் பண்ணி, வரவேண்டாம் என்று சொன்னேன்.

"இன்னாண்ணே, பணம் வர்ல?"

"வந்துச்சு. போய்டுச்சு."

"எங்க போச்சு?"

"கோர்ட்டுக்குத்தான். திரும்பி வர்ற பணம்னு இனி நான் நெனைக்கல. போன கணக்குல எழுதித் தள்ளிட்டேன்."

"தீர்ப்பு எப்பண்ணே?"

"திங்கக்கிழம. எனக்கு இன்னிக்கே முடிஞ்சுடுச்சு."

போனை வைத்த பிறகு, இனி பயம் போய்விடும் என்று உட்கார்ந்திருந்தேன். ஒரு லட்சத்துக்காகத்தான் நடுங்குகிறேன் என்று இத்தனை நாள் நினைத்துக்கொண்டிருந்தேன். பணத்தைப் போச்சு என்று வைத்த பிறகும் பயம் அப்படியேதான் இருக்கிறது.

அப்புறம் சாலமன் வாங்கி வந்த தார் டப்பாவோடு மேலே ஏறினேன். ஷீட்டில் வெளிச்சம் தெரிகிற மூன்று இடத்திலும் கோணி வைத்து தார் பூசினேன். கையோடு கையாக ஓரம், இடுக்கு எல்லாம் பூசிக்கொண்டே பின்னால் நகர்ந்து வந்ததில், ஏணி இருக்கிற பக்கத்தையும் சேர்த்துப் பூசிவிட்டேன். இப்போது பக்கத்துச் சுவர் விளிம்பில் உட்கார்ந்துதான் இந்தக் கடைசித் தாளை எழுதுகிறேன். கீழே சாலமன் தலையில் கை வைத்துக்கொண்டு நிற்கிறான்.

"மாமா, எப்டி எறங்குவ?"

"காயட்டும்டா."

"அது காய நேரமாவும் மாமா."

"இருக்கேன்" என்றேன்.